பறிமுதல் என்ற சொல்லும் ஒரு மணல் லாரியும்

‘ஆற்று மணல் கடத்திய லாரி பறிமுதல்; ஓட்டுநர் கைது’ என்ற செய்தியை நாளிதழ்களின் மாவட்டப் பக்கங்களில் அடிக்கடி படிக்கிறோம். அந்தச் செய்தியில் ‘பறிமுதல்’ என்ற சொல் தவறான இடத்தில் நிற்கிறது. காவிரிக் கரையோர ஊர் ஒன்றில் பதினோரு ஆண்டுகளாக வழக்கறிஞராகத் தொழில் செய்யும் எனக்கு, அந்தத் தவறு வெறும் மொழிப் பிழையாகத் தோன்றுவதில்லை. காவல்துறையோ வருவாய்த்துறையோ ஒரு வாகனத்தைப் பிடித்து நிறுத்துவது கைப்பற்றுதல். அப்போதும் வாகனம் உரிமையாளருடையதுதான். நீதிமன்றம் விசாரித்து, இனி இது அரசுக்குச் சொந்தம் என்று உத்தரவிட்டால் மட்டுமே அது பறிமுதல். முன்னது ஒரே இரவில் முடிந்துவிடுகிறது. பின்னது நடக்க ஆண்டுகள் ஆகின்றன. நான் பார்த்த வழக்குகளில் பெரும்பாலானவற்றில் அது நடக்கவே இல்லை. இந்த இரண்டுக்கும் நடுவில், யாருக்கும் பொறுப்பில்லாத ஒரு நீண்ட காலம் இருக்கிறது. அந்தக் காலத்தைப் பற்றித்தான் எழுத நினைக்கிறேன்.

மணல் கொள்ளையருக்காகப் பரிந்து பேசுகிறேன் என்று யாரும் எண்ணிவிட வேண்டாம். நான் சிறுமியாக இருந்தபோது கோடையில் ஆற்றுக்குள் இறங்கிக் கையால் மணலைத் தோண்டினால் முழங்கை ஆழத்தில் ஊற்று கிடைக்கும். இன்று அதே இடத்தில் மணல் போய்க் களிமண் தட்டு வெளியே தெரிகிறது. நாணலும் சீமைக் கருவேலமும் மண்டியிருக்கின்றன. 2018 ஆகஸ்டில் வெள்ளம் வந்து முக்கொம்பு மேலணையின் கொள்ளிடம் பக்கத்து மதகுகள் அடித்துச் செல்லப்பட்டபோது, அணைக்குக் கீழே அள்ளிய மணலைத்தான் இப்பகுதி விவசாயிகள் முதல் காரணமாகச் சொன்னார்கள். 2023 ஏப்ரலில் தூத்துக்குடி மாவட்டம் முறப்பநாட்டில், தாமிரபரணி மணல் கடத்தலைப் பற்றிப் புகார் கொடுத்த கிராம நிர்வாக அலுவலர் லூர்து பிரான்சிஸ், தம் அலுவலகத்துக்குள்ளேயே வெட்டப்பட்டு இறந்தார். இவற்றையெல்லாம் மனத்தில் வைத்துக்கொண்டுதான் வாகன விடுவிப்பு மனுக்களை எழுதுகிறேன்.

2022ஆம் ஆண்டின் தொடக்கத்தில் என்னிடம் வந்த ஒரு வழக்கைச் சொன்னால் சிக்கல் புரியும். ஆறு சக்கர டிப்பர் லாரி ஒன்று. பழைய வண்டி, கடனில் வாங்கியது. உரிமையாளர் அறுபது வயதை நெருங்கும் ஓர் அம்மா. கணவர் ஓட்டிக்கொண்டிருந்த வண்டி. அவர் இறந்த பிறகு ஓட்டுநர் ஒருவரை வைத்து ஓடிக்கொண்டிருந்தது. பின்னிரவு மூன்று மணிக்குப் பாலத்துக்குப் பக்கத்தில் வண்டியை நிறுத்திச் சோதனை செய்தபோது, உள்ளே ஆற்று மணல் இருந்தது, அதைக் கொண்டுசெல்ல அனுமதிக்கும் நடைச்சீட்டு இல்லை. ஓட்டுநர் அன்றே கைதாகிப் பத்தாம் நாள் ஜாமீனில் வந்துவிட்டார். வண்டி வரவில்லை. ‘ஆளை விட்டுட்டாங்க, வண்டியை ஏன் வக்கீலம்மா விடமாட்டேங்கறாங்க?’ என்று அந்த அம்மா முதல் நாளில் கேட்ட கேள்விக்கு, சட்டப் புத்தகத்தைத் திறந்து வைத்துக்கொண்டும் ஒரே வாக்கியத்தில் என்னால் பதில் சொல்ல முடியவில்லை.

பதில் நீளமாக இருப்பதற்குக் காரணம், ஒரு லோடு மணலுக்கு இரண்டு வழக்குகள் பிறப்பதுதான். தமிழ்நாட்டில் 2003 அக்டோபர் முதல் ஆற்று மணல் அள்ளும் உரிமை அரசிடம் மட்டுமே உள்ளது. சிறுகனிமச் சலுகை விதிகளில் 38-ஏ என்ற விதியைச் சேர்த்து அதைச் செய்தார்கள். ஆகவே அனுமதியின்றி அள்ளியவர் அரசின் பொருளைத் திருடியவராகிறார். அதற்குக் காவல்துறை திருட்டு வழக்குப் பதிவு செய்து, அதைக் குற்றவியல் நடுவரிடம் கொண்டுபோகிறது. அதே செயல், 1957ஆம் ஆண்டின் சுரங்கங்கள் மற்றும் கனிமங்கள் சட்டத்தின்படியும் குற்றம். இதற்கு முதல் தகவல் அறிக்கை மட்டும் போதாது. அச்சட்டத்தின் 22ஆம் பிரிவின்படி, அரசால் அதிகாரம் அளிக்கப்பட்ட அலுவலர் எழுத்து மூலம் புகார் கொடுத்தால்தான் நீதிமன்றம் விசாரணைக்கு எடுத்துக்கொள்ள முடியும். இந்த 22ஆம் பிரிவைக் காட்டித் திருட்டு வழக்கையே ரத்து செய்யக் கேட்பது ஒரு காலத்தில் வழக்கறிஞர்களின் முதல் வாதமாக இருந்தது. 2014 செப்டம்பரில் டெல்லி அரசு எதிர் சஞ்சய் என்ற வழக்கில் உச்ச நீதிமன்றம் அந்த வாதத்துக்கு முற்றுப்புள்ளி வைத்தது. ஆற்றிலிருந்து மணலைத் திருடுவது வேறு குற்றம், உரிமமின்றிக் கனிமம் எடுப்பது வேறு குற்றம். ஒன்றுக்கான தடை மற்றொன்றைத் தடுக்காது என்பது அத்தீர்ப்பின் சாரம். ஆற்றைப் பொறுத்தவரை அது நல்ல தீர்ப்பு என்றே இன்றும் நினைக்கிறேன்.

வாகனத்தைப் பொறுத்தவரை, அங்கேதான் முடிச்சு விழுகிறது. கனிமச் சட்டத்தின் 21ஆம் பிரிவின் 4ஆம் உட்பிரிவு, சிறப்பாக அதிகாரம் பெற்ற அலுவலர் வாகனத்தைக் கைப்பற்றலாம் என்கிறது. அதையடுத்த 4-ஏ, அப்படிக் கைப்பற்றியதை, குற்றத்தை விசாரிக்க அதிகாரமுள்ள நீதிமன்றம் பறிமுதல் செய்யலாம் என்கிறது. 2015 திருத்தத்துக்குப் பிறகு இவ்வழக்குகளுக்கென்று சிறப்பு நீதிமன்றங்களும் உண்டு. ஆனால் பாலத்தில் வண்டியை நிறுத்திய காவல்துறை, பெரும்பாலும் அதைத் திருட்டு வழக்கின் சொத்தாக நடுவர் நீதிமன்றத்தில் கணக்குக் காட்டுகிறது. பறிமுதல் செய்யும் அதிகாரம் ஒரு நீதிமன்றத்தில். வண்டியின் காகிதம் இன்னொரு நீதிமன்றத்தில். வண்டியோ காவல் நிலைய வேலியோரத்தில். அதனால் இப்படிப்பட்ட கோப்பு கைக்கு வந்ததும் நான் முதலில் தேடுவது, கைப்பற்றிய இடத்தில் எழுதும் பதிவான மகஜரில் கையெழுத்திட்டவரின் பதவியைத்தான். எந்த அதிகாரத்தில் கைப்பற்றினார் என்பது தெளிவானால்தான் எந்தக் கதவைத் தட்டுவது என்பது தெளிவாகும்.

அந்த அம்மாவின் வழக்கில் நான் முதலில் நடுவர் நீதிமன்றத்தில் மனு போட்டேன். கனிமச் சட்டக் குற்றமும் சேர்ந்திருப்பதால் சிறப்பு நீதிமன்றத்தை அணுகுமாறு கூறி மனு தள்ளுபடியானது. சிறப்பு நீதிமன்றத்துக்குப் போனேன். 22ஆம் பிரிவின்படியான புகார் இன்னும் வரவில்லை, வழக்கே இல்லாத இடத்தில் சொத்தை எப்படி ஒப்படைப்பது என்று கேட்டார்கள். அந்தக் கேள்வியிலும் நியாயம் இருந்தது. புகார் கொடுக்க வேண்டிய அலுவலகத்துக்கு மூன்று முறை மனு எழுதினேன். காவல் நிலையத்திலிருந்து ஆவணங்கள் வரவில்லை என்றார்கள். காவல் நிலையத்திலோ, அனுப்பிவிட்டோம் என்றார்கள். இதற்குள் எட்டு மாதங்கள் ஓடிவிட்டன. நிதி நிறுவனத்தின் தவணை மட்டும் எந்த நீதிமன்றத்துக்காகவும் காத்திருக்கவில்லை.

இடையில், யாரோ சொன்னதைக் கேட்டு, அந்த அம்மா தம் நகையை அடகு வைத்து வருவாய் அலுவலர் விதித்த அபராதத்தைச் செலுத்தி ரசீதோடு வந்து நின்றார். ‘பணம் கட்டியாச்சு வக்கீலம்மா, இனி வண்டியைக் கொடுத்துத்தானே ஆகணும்?’ என்றார். இல்லை என்று சொல்வதற்கு எனக்கே வாய் வரவில்லை. கனிமச் சட்டத்தின் 23-ஏ பிரிவின்படி பணம் செலுத்திச் சமரசம் செய்துகொண்டால் அந்தச் சட்டத்தின் கீழான நடவடிக்கை முடிந்துவிடும். திருட்டு வழக்கு முடியாது. 2020 டிசம்பரில் மத்தியப் பிரதேசத்திலிருந்து வந்த ஜெயந்த் என்ற வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகவே சொல்லிவிட்டது. அபராதம் வாங்கும் மேசையில் இந்த வேறுபாட்டை ஒருவராவது அந்த அம்மாவிடம் சொல்லியிருக்க வேண்டும். ரசீதின் பின்பக்கத்தில் இரண்டு வரி அச்சடித்தால்கூடப் போதும்.

வாகனத்தை விடுவிப்பதா, வைத்திருப்பதா என்பதில் நீதிமன்றங்களின் போக்கும் இரு திசைகளில் இழுத்திருக்கிறது. 2002இல் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில், கைப்பற்றிய வாகனங்களைக் காவல் நிலையங்களில் நீண்டகாலம் போட்டு வைப்பதால் யாருக்கும் பயனில்லை, தக்க பிணை பெற்றுக்கொண்டு நடுவர் உடனே ஒப்படைக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் கூறியது. விடுவிப்பு மனு எழுதும் எல்லோரும் மேற்கோள் காட்டும் தீர்ப்பு அது. ஆனால் மணல் வழக்குகளில் அதன் விளைவு வேறாக இருந்தது: காலையில் விடுவிக்கப்பட்ட லாரி இரவில் மறுபடி ஆற்றுக்குள் இறங்கியது. அதைக் கண்டுதான் 2018 அக்டோபரில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, மணல் கடத்தலில் சிக்கும் வாகனங்களை இடைக்காலமாகத் திருப்பித் தரும் வழக்கத்தை நிறுத்தி, பறிமுதல் நடவடிக்கைக்குக் கொண்டுபோகும்படி கடுமையான உத்தரவைப் பிறப்பித்தது. சம்பல் ஆற்று மணலை ஏற்றிய டிராக்டர் தொடர்பான மத்தியப் பிரதேச வழக்கில் 2019இல் உச்ச நீதிமன்றமும், வனச் சட்டத்தின்படி பறிமுதல் நடவடிக்கை தொடங்கிய பின் நடுவர் வாகனத்தை விடுவிக்க முடியாது என்றது. அங்கே ஒரு வசதி உண்டு: வனச் சட்டத்தில் பறிமுதல் செய்யும் அலுவலர் யார், அவர் எப்படி அறிவிப்புக் கொடுக்க வேண்டும் என்பதெல்லாம் வரையறுக்கப்பட்டிருக்கின்றன. நம்முடைய வழக்குகளில் பறிமுதலுக்கு வழிவகுக்கும் புகாரே வந்து சேர்வதில்லை. விடுவிக்காதே என்ற பாதி உத்தரவு உடனே அமலுக்கு வருகிறது. பறிமுதல் நடவடிக்கையைத் தொடங்கு என்ற மறுபாதி கோப்பிலேயே உறங்குகிறது.

என் மனத்தை நெடுநாளாக அரிக்கும் இன்னொன்று, உரிமையாளருக்குத் தெரிந்திருந்ததா என்ற கேள்வி. போதைப்பொருள் தடுப்புச் சட்டத்தின் 60ஆம் பிரிவில், தமக்கும் தம் முகவருக்கும் வாகனத்தின் பொறுப்பில் இருந்தவருக்கும் தெரியாமலும் உடந்தை இல்லாமலும் வாகனம் பயன்படுத்தப்பட்டது, எல்லோரும் உரிய முன்னெச்சரிக்கை எடுத்திருந்தோம் என்று உரிமையாளர் நிரூபித்தால் வாகனம் பறிமுதலுக்கு உள்ளாகாது என்று வெளிப்படையாகவே எழுதியிருக்கிறார்கள். அவ்வளவு கடுமையான சட்டத்தில் இருக்கும் அந்த வரி, கனிமச் சட்டத்தின் 21ஆம் பிரிவில் இல்லை. உரிமையாளர்கள் எல்லோரும் அப்பாவிகள் என்று சொல்லமாட்டேன். ஓட்டுநர் தலையில் பழியைப் போட்டுவிட்டுத் தப்பிக்க நினைத்தவர்களை என் மேசைக்கு எதிரிலேயே பார்த்திருக்கிறேன், சிலரைத் திருப்பி அனுப்பியும் இருக்கிறேன். ஆனால் அப்பாவியா இல்லையா என்று கேட்டு முடிவு செய்ய ஓர் இடம் வேண்டும். அதே 21ஆம் பிரிவு, தண்டனையாக ஐந்தாண்டுவரை சிறையும், ஹெக்டேர் ஒன்றுக்கு ஐந்து லட்சம் ரூபாய்வரை அபராதமும் என்கிறது. ஒரு லாரி மணலை ஹெக்டேரில் எப்படி அளப்பது? அந்தப் பிரிவை எழுதியவர்களின் கண் முன்னால் பெரிய சுரங்கம் இருந்திருக்கிறது. பாலத்தில் நிற்கும் டிப்பரும், கொள்ளிடத்தில் இறங்கும் மாட்டு வண்டியும் இருந்ததாகத் தெரியவில்லை.

மாட்டு வண்டி என்றதும் ஒன்றைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. வண்டி கைப்பற்றப்பட்டால் மாடுகளுக்குத் தீனி போட ஆளில்லாததால், மாடுகளை உரியவரிடமே விட்டுவிட்டு வண்டியை மட்டும் நிலையத்தில் நிறுத்திக்கொள்வார்கள். வெயிலிலும் மழையிலும் இரண்டு பருவம் நின்ற மர வண்டியில், இரும்புப் பட்டையைத் தவிர வேறெதுவும் உருப்படியாகத் திரும்புவதில்லை. மறுபக்கம், குவாரிகளில் அனுமதித்த அளவைவிடப் பன்மடங்கு மணல் அள்ளப்பட்டது என்று 2023இல் அமலாக்கத்துறை குற்றஞ்சாட்டி, ஐந்து மாவட்ட ஆட்சியர்களுக்கு அழைப்பாணை அனுப்பியது. 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் அவர்களை நேரில் போகச் சொன்னது. அக்குற்றச்சாட்டு உண்மையா என்பது விசாரணையில் தெரியட்டும். ஆனால் நடைச்சீட்டோடு வெளியேறும் மிகுதியான மணலை, பாலத்தில் நடக்கும் எந்தச் சோதனையும் கண்டுபிடிக்காது என்பது மட்டும் உறுதி.

அந்த அம்மாவின் லாரிக்கு வருகிறேன். பதினான்காம் மாதத்தில் உயர் நீதிமன்றம் நிபந்தனைகளோடு விடுவித்தது: அசல் ஆர்.சி. புத்தகத்தை ஒப்படைக்க வேண்டும், ஒரு லட்சம் ரூபாய் கட்ட வேண்டும், இரண்டு ஜாமீன்தாரர் வேண்டும், வண்டியை விற்கவோ மாற்றவோ கூடாது, கேட்கும்போது கொண்டுவந்து நிறுத்த வேண்டும், மறுபடி சிக்கினால் வண்டி நிரந்தரமாகப் போய்விடும். எல்லாமே நியாயமான நிபந்தனைகள். உத்தரவை எடுத்துக்கொண்டு அந்த அம்மாவோடும் மெக்கானிக்கோடும் நிலையத்துக்குப் போனேன். வேலியோரத்தில் எட்டு வண்டிகள் நின்றன. எங்கள் வண்டியின் முன்கண்ணாடியில் வெள்ளைப் பெயின்டில் எழுதிய குற்ற எண் பாதி உரிந்திருந்தது. பேட்டரி இல்லை. டீசல் டேங்கின் மூடி இல்லை. இடப்பக்கப் பின்சக்கரம் மண்ணில் புதைந்து, டயரின் பக்கச்சுவர் வெடித்திருந்தது. தொட்டியில் மணல் அப்படியே இருந்தது. அதன் மேல் அறுகு படர்ந்து, நடுவில் ஓர் எருக்கஞ்செடி என் இடுப்பளவு வளர்ந்து பூத்திருந்தது. பின்கதவின் இடுக்கு வழியாக மழை கரைத்த மணல் தரையில் சிறு மேடாகக் குவிந்து, அங்கிருந்து வாய்க்கால் போல ஒரு கோடு சாக்கடைவரை போயிருந்தது. அந்த அம்மா வண்டியைச் சுற்றி ஒருமுறை நடந்து வந்து, ஓட்டுநர் பக்கத்துக் கதவில் கணவர் எழுதி வைத்திருந்த பெயரை முந்தானையால் துடைத்தார். ஒன்றும் பேசவில்லை. கிரேன் வாடகையையும் இன்ஜின் வேலைக்கான செலவையும் கணக்குப் பார்த்த பிறகு, நிதி நிறுவனமே எடுத்துக்கொள்ளட்டும் என்று முடிவு செய்தார். விற்கக் கூடாது என்ற நிபந்தனையைத் தளர்த்த இன்னொரு மனு போட வேண்டியிருந்தது.

அந்த லாரியால் யாருக்கு என்ன கிடைத்தது என்று பலமுறை யோசித்திருக்கிறேன். பிடித்த மூன்று மாதத்தில் பறிமுதல் செய்து ஏலம் விட்டிருந்தால் அரசுக்கு நல்ல விலை கிடைத்திருக்கும். அந்த அம்மாவுக்குத் தெரியாமல் நடந்தது என்று முடிவாகியிருந்தால், ஓடும் நிலையில் வண்டி திரும்பியிருக்கும். இரண்டில் எது சரி என்று நான் வாதாடத் தயாராகவே இருந்தேன். தோற்றிருந்தாலும் வருந்தியிருக்க மாட்டேன். என் கட்சிக்காரர்களுக்குப் பிடிக்காவிட்டாலும் சொல்கிறேன்: இரண்டாம் முறை பிடிபடும் வாகனத்தை இடைக்காலமாக விடவே கூடாது. முதல் முறை பிடிபட்டதை, கனமான பிணையோடு சில வாரங்களில் விட வேண்டும். இரண்டிலும், புகார் கொடுக்க வேண்டிய அலுவலருக்கு ஒரு கெடுநாள் வேண்டும். அந்த நாள் தாண்டினால் அவர் நீதிமன்றத்தில் காரணம் சொல்ல வேண்டும்.

2024 ஜூலை முதல் நடைமுறையில் உள்ள புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் ஓரளவு வழி இருக்கிறது. பழைய 451ஆம் பிரிவின் இடத்தில் வந்திருக்கும் 497ஆம் பிரிவு, சொத்து நீதிமன்றத்தின் முன் வைக்கப்பட்ட பதினான்கு நாளில் அதன் விவரத்தை எழுதி, புகைப்படமோ காணொளியோ எடுத்து, அடுத்த முப்பது நாளில் ஒப்படைப்பு, பறிமுதல், அழித்தல் ஆகியவற்றில் ஒன்றை உத்தரவிட வேண்டும் என்கிறது. புதிய தண்டனைச் சட்டத்தில் திருட்டுக்கான 303ஆம் பிரிவும் மாறியிருக்கிறது: முதல் முறை குற்றவாளி, பொருளின் மதிப்பு 5,000 ரூபாய்க்குக் குறைவு, பொருளும் திரும்பக் கிடைத்துவிட்டது என்றால் தண்டனை சமூக சேவைதான், அவ்வளவு குறைந்த மதிப்புள்ள திருட்டை நடுவரின் அனுமதியின்றிக் காவல்துறை புலன் விசாரிக்கவும் முடியாது. ஆகவே மகஜரில் மணலின் அளவையும் மதிப்பையும் என்ன எழுதுகிறார்கள் என்பது முன்பைவிட முக்கியமாகிவிட்டது. ‘சுமார் மூன்று யூனிட்’ (ஒரு யூனிட் என்பது நூறு கன அடி) என்று கண்ணால் பார்த்து எழுதும் பழக்கம் இனி இரு தரப்புக்கும் ஆபத்து. உள்ளே இருப்பது ஆற்று மணலா, கல்லை உடைத்துச் செய்யும் எம்-சாண்டா, நிரப்பு மண்ணான சவுடா என்று மாதிரி எடுத்துச் சோதிக்காமல் விட்டாலும் அப்படித்தான்.

இப்போது என்னுடைய எல்லா விடுவிப்பு மனுக்களிலும் ஒரு பத்தியைச் சேர்க்கிறேன். வாகனத்தை விடுவிப்பதானாலும் விடுவிக்காவிட்டாலும், அதிலுள்ள மணலை அளந்து, மாதிரி எடுத்து, வாகனத்தின் நான்கு பக்கங்களையும் இன்ஜின் எண்ணையும் பேட்டரியையும் டயர்களையும் படம் எடுத்துக் கோப்பில் சேர்க்க உத்தரவிட வேண்டும் என்று கேட்கும் பத்தி அது. சென்ற மாதம் ஒரு டிராக்டர் வழக்கில் நடுவர் அதை ஏற்றுக்கொண்டார். நிலையத்து வாசலில், டிப்பர் பெட்டியின் மேல் ஏறி நின்று ஒருவர் டேப் பிடிக்க, கீழே நின்றவர் நீளம், அகலம், உயரம் என்று குறித்துக்கொண்டார். மகஜரில் ஒரு யூனிட் என்று இருந்தது. அளந்தபோது எழுபத்திரண்டு கன அடி வந்தது. இரு தரப்பும் கையெழுத்திட்டோம். அந்தத் தாள் இப்போது வழக்குக் கோப்பில் இருக்கிறது.